உங்களுக்குத் தெரியுமா? காலேஜ் சீட்டும் கோர்ட்டுப் படியும்!

ஈஜோக் சட்டமன்ற உறுப்பினர் ஒருவர் 2008 ஆகஸ்டில் ஒரே ஒரு எண்ணைச் சொன்னார். ஆயிரக்கணக்கான மாணவர்கள் ஷா ஆலாமில் திரண்டு வந்து நின்றுவிட்டார்கள்! அந்த எண் 10 விழுக்காடு. பூமிபுத்ராக்களுக்கான யுஐடிஎம் பல்கலைக்கழகத்தில் பூமிபுத்ரா அல்லாதவர்களுக்கும் வெளிநாட்டு மாணவர்களுக்கும் பத்து விழுக்காடு இடம் கொடுக்கலாமே என்றார். சொன்னவர் சாதாரண ஆளா? அன்றைய சிலாங்கூர் மந்திரி பெசார், டான் ஸ்ரீ அப்துல் காலிட் இப்ராஹிம்!

தோட்டத்துக்காரர்களுக்கு இவரை வேறு வழியிலும் தெரியும். 1981 செப்டம்பர் 7ஆம் தேதி, லண்டன் பங்குச் சந்தை திறந்த சில மணி நேரத்துக்குள் கத்ரி தோட்ட நிறுவனம் மலேசியாவின் கைக்கு வந்ததே, அந்த வேலையை முன்னின்று நடத்தியவர் இவர்தான்! ஒரு பெரிய கம்பெனியையே காலைப்பொழுதில் வாங்கியவருக்குப் பத்து விழுக்காடு சீட்டு வாங்க முடியவில்லை!

யுஐடிஎம் எங்கோ தூரத்தில் இருப்பதாக நினைக்கிறீர்களா? அதன் புஞ்சாக் ஆலாம் வளாகம் கோல சிலாங்கூர் மாவட்டத்துக்குள்தான் இருக்கிறது! மருந்தியல் அங்கே. சுகாதார அறிவியல் அங்கே. சொந்தமாக ஒரு மருத்துவமனையும் அங்கே!

அதன் பிறந்த ஆண்டு 1956. அப்போது பெயர் ரிடா பயிற்சிக் கூடம். மெர்டேக்காவைவிட ஒரு வயது மூத்தது!

2024 மே மாதம் அதே கதை மறுபடியும்! யுஐடிஎம்மின் இதய அறுவைச் சிகிச்சை நிபுணர் படிப்பில், தற்காலிகமாக, பூமிபுத்ரா அல்லாத டாக்டர்களையும் சேர்க்கலாமா என்ற பேச்சு வந்தது. மாணவர்கள் கறுப்பு உடையில் வந்து எதிர்த்தார்கள். பேச்சு எழுந்ததோ விரல்விட்டு எண்ணும் அளவு இடங்களுக்கு!

இப்போது காரை பெஸ்தாரி ஜெயா பக்கம் திருப்புங்கள். ஆமாம், பழைய பத்தாங் பெர்ஜுந்தைதான். அங்கே இருக்கும் யுனிசெல் அரசாங்கப் பல்கலைக்கழகமா, தனியாரா? பந்தயம் கட்டுங்கள், பாதிப் பேர் தோற்பீர்கள். சட்டப்படி அது தனியார்! ஆனால் சொந்தக்காரர் சிலாங்கூர் மாநில அரசு! 1999இல் தொடங்கிய நாளிலிருந்தே இந்த விசித்திரம்!

பெஸ்தாரி ஜெயா வரை வந்துவிட்டோம், இதையும் கேட்டுவிட்டுப் போங்கள். மலாயாவின் முதல் வணிகச் செம்பனைத் தோட்டம் அங்கேதான். தென்னமரம் தோட்டம், 1917! நட்டவர் ஆன்ரி ஃபோக்கோன்னியே என்ற பிரெஞ்சுக்காரர். 1930இல் அவருக்குப் பிரான்சின் கோன்கூர் இலக்கியப் பரிசு கிடைத்தது. எதற்கு? மலாயாவைப் பற்றி எழுதிய நாவலுக்கு! காலேஜ் சீட்டுக்கும் இதற்கும் சம்பந்தமில்லைதான். ஆனாலும் சொல்லாமல் விட மனம் வரவில்லை!

சரி, சட்டப் புத்தகத்தைத் திறப்போம். மலேசிய அரசியலமைப்பின் 12ஆவது விதி கல்வியில் இன, மத பாகுபாடு கூடாது என்கிறது. மாணவர் சேர்க்கை, கட்டணம் இரண்டையும் பெயர் சொல்லிக் குறிப்பிடுகிறது. ஆனால் எந்தக் கல்விக்கூடத்தில்? பொது அதிகாரத் தரப்பு நடத்தும் கல்விக்கூடத்தில்! தனியார் கல்லூரி அந்த வாக்கியத்துக்கு வெளியே நிற்கிறது!

அதே விதியின் அடுத்த வரி இன்னும் சுவாரசியம். பொதுப் பணத்தில் மாணவருக்குக் கல்வி உதவி கொடுத்தால் அங்கேயும் பாகுபாடு கூடாதாம். அந்த மாணவர் தனியார் கல்லூரியில் படித்தாலும் சரி. நாட்டுக்கு வெளியே படித்தாலும் சரி! விதி கடல் தாண்டிப் போகிறது!

இப்போது 153ஆவது விதிக்கு வாருங்கள். அதில் 1971இல் ஓர் உட்பிரிவைச் சேர்த்தார்கள். எண் 8ஏ. எஸ்பிஎம்முக்கு மேற்பட்ட கல்வி தரும் இடத்தில் தகுதியானவர்கள் அதிகம், இடங்கள் குறைவு என்றால், மலாய்க்காரர்களுக்கும் சபா, சரவாக் பூர்வகுடியினருக்கும் ஒரு பங்கு ஒதுக்கும்படி மாமன்னர் உத்தரவிடலாம். எந்தக் கல்லூரிக்கு? "எந்தப் பல்கலைக்கழகமும், கல்லூரியும்" என்றுதான் இருக்கிறது. அரசாங்கக் கல்லூரி என்று போடவே இல்லை!

பொதுப் பல்கலைக்கழகங்களில் பழைய கோட்டா முறை போய்த் தகுதி அடிப்படை வந்தது 2002இல்! மெட்ரிகுலேஷன் கணக்கு தனி. 2019இல் அதன் மொத்த இடங்கள் 25,000இலிருந்து 40,000 ஆயின. விகிதம் மட்டும் இம்மியும் நகரவில்லை. பூமிபுத்ராக்களுக்கு 90, மற்றவர்களுக்கு 10!

பிறகு 2024 ஜூன் இறுதியில் ஓர் அறிவிப்பு. எஸ்பிஎம்மில் 10 ஏ எடுத்த எந்த இன மாணவருக்கும் மெட்ரிகுலேஷன் இடம் உறுதி! ராஜா மூசா, புக்கிட் ரோத்தான் பக்கத்துப் பெற்றோர்களே, இந்த வரியைக் கத்தரித்து ஐஸ்பெட்டிக் கதவில் ஒட்டி வையுங்கள்!

அடுத்தது நான் தோண்டி எடுத்ததிலேயே பெரிய புதையல். ஒரு பல்கலைக்கழகம், ஒரு மாணவரைக்கூடச் சேர்க்காமல், ஒரு செங்கல்கூட வைக்காமல், நாட்டின் உச்ச நீதிமன்றம் வரை போயிருக்கிறது! பெயர் மெர்டேக்கா பல்கலைக்கழகம்.

சீன மொழியில் கற்பிக்கும் தனியார் பல்கலைக்கழகம் வேண்டும் என்று சீனக் கல்விச் சங்கங்கள் கேட்டன. 1978இல் அரசாங்கம் மறுத்தது. 1981இல் உயர் நீதிமன்றம் மறுத்தது. 1982இல் கூட்டரசு நீதிமன்றமும் மறுத்தது. மூன்று முறை தட்டியும் திறக்காத கதவு!

நீதிமன்றம் சொன்ன காரணத்தைக் கேட்டால் தலை சுற்றும். தனியார் பணத்தில் கட்டினாலும் பல்கலைக்கழகம் ஒரு "பொது அதிகாரத் தரப்பு"தானாம்! அப்படியானால் அங்கே பாடம் நடத்துவது அதிகாரப்பூர்வக் காரியம். அதிகாரப்பூர்வக் காரியம் தேசிய மொழியில்தான் நடக்க வேண்டும். முடிந்தது வழக்கு! ஐந்து நீதிபதிகளில் ஒருவர் மட்டும் மாற்றுக் கருத்து எழுதினார். அவர் நீதிபதி ஜார்ஜ் சியா!

அப்போதெல்லாம் மலேசியத் தனியார் கல்லூரிகள் சொந்தப் பெயரில் பட்டம் கொடுக்கவே முடியாது! பாதிப் படிப்பு இங்கே, மீதி வெளிநாட்டில். பட்டத்தில் வெளிநாட்டுப் பல்கலைக்கழகத்தின் முத்திரை. 1996இல்தான் 555ஆம் எண் சட்டம் வந்து கதவைத் திறந்தது!

அந்தச் சட்டத்தில் ஒரு வேடிக்கை. கையில் பணம் இருக்கிறது, நிலம் இருக்கிறது என்று நீங்களாகப் போய்த் தனியார் பல்கலைக்கழகம் தொடங்க முடியாது. அமைச்சர் அழைக்க வேண்டும்! கல்யாணத்துக்குப் போவது மாதிரி, அழைப்பு வந்தால்தான் உள்ளே!

இன்னொன்று. கல்லூரி தொடங்க விண்ணப்பிப்பவர் உள்நாட்டில் பதிவான ஒரு கம்பெனியாக இருக்க வேண்டும்! இதை ஞாபகத்தில் வைத்துக்கொள்ளுங்கள். இந்தியாவில் கல்லூரி நடத்துவது வியாபாரமா, தர்மமா என்று பத்தாண்டுகளுக்கு மேல் சண்டை போட்டார்கள். இங்கே விண்ணப்பத் தாளிலேயே விடை இருக்கிறது!

கதவு திறந்ததும் யார் ஓடி வந்தார்கள் தெரியுமா? அரசியல் கட்சிகள்! ம.இ.கா.வின் கல்விக் கரம் 2001இல் கெடாவில் ஏய்ம்ஸ்ட் தொடங்கியது. ம.சீ.ச. 2002இல் யுடிஏஆர் தொடங்கியது. கெராக்கான் 2006இல் வவாசான் திறந்தவெளிப் பல்கலைக்கழகம் தொடங்கியது. ஆறே ஆண்டு, மூன்று கட்சி, மூன்று பல்கலைக்கழகம்! கட்சி ஆபீஸ் இல்லாத ஊரில்கூட அவர்களுடைய பட்டதாரிகள் இருக்கிறார்கள்!

தனியார் மருத்துவக் கல்லூரி யாரை வேண்டுமானாலும் சேர்த்துக்கொள்ளலாமா? முடியவே முடியாது! மலேசிய மருத்துவ மன்றம் குறைந்தபட்சத் தகுதி போட்டிருக்கிறது. எஸ்பிஎம்மில் ஐந்து பாடங்களில் குறைந்தது பி. அடிப்படைப் படிப்பில் சிஜிபிஏ 3.0. பணம் எத்தனை லட்சம் ரிங்கிட் இருந்தாலும் இந்தக் கோட்டைத் தாண்ட முடியாது!

வெளிநாட்டுக் கல்லூரிக்கும் அதே கத்தி. அங்கீகாரப் பட்டியலில் பெயர் இல்லையென்றால் பட்டம் மட்டும் போதாது! 2005இல் உக்ரேனின் கிரிமியா மருத்துவப் பல்கலைக்கழகத்தின் அங்கீகாரத்தை ரத்து செய்வதாக அறிவித்தார்கள். மலேசிய இந்தியக் குடும்பங்கள் பலவற்றில் அன்று இரவு யாரும் தூங்கியிருக்க மாட்டார்கள்!

2011 மே மாதம் அரசாங்கம் இன்னும் ஒரு படி மேலே போனது. புதிய மருத்துவப் படிப்புகளுக்கே தடை! ஐந்தாண்டு என்று சொன்னார்கள். பிறகு மேலும் ஐந்தாண்டு நீட்டினார்கள்!

இந்த மருத்துவச் சட்டத்தைக் கையில் வைத்திருக்கும் சுகாதார அமைச்சர் பதவிக்கு 2018இலும், மறுபடி 2023 டிசம்பரிலும் வந்தவர் எந்தத் தொகுதி எம்.பி. தெரியுமா? டத்தோ ஸ்ரீ டாக்டர் சுல்கிஃப்ளி அகமட். தொகுதி கோல சிலாங்கூர்! மின்மினி பார்க்க வருகிறவர்களுக்கு இதையும் சொல்லி அனுப்புங்கள்!

இனி ஒரு பெரிய தாண்டல். மலேசிய கிளினிக் சுவர்களில் "மணிப்பால்" என்ற ஊர்ப் பெயரைப் பார்த்திருப்பீர்கள். அந்த ஊர்க் கல்லூரிதான் இந்தியாவின் தனியார் கல்லூரிச் சட்டத்தையே புரட்டிப் போட்டது!

டாக்டர் டி.எம்.ஏ. பை. கர்நாடகத்துக்காரர். 1953இல் மணிப்பாலில் கஸ்தூர்பா மருத்துவக் கல்லூரியைத் தொடங்கினார்.  1997இல் அதே மணிப்பால் மலாக்காவுக்கு வந்தது. அப்போது முதல் பாதிப் படிப்பு மணிப்பாலில், அடுத்த பாதி மலாக்காவில்!

இதே பை ஒரு வங்கியையும் வளர்த்தவர். 1928இல் வீடு வீடாக ஆள் அனுப்பித் தினம் இரண்டு அணா வசூலித்துச் சேமிப்புக் கணக்கு நடத்தினார். பெயர் பிக்மி டெபாசிட்! கோடிகள் புரளும் மருத்துவக் கல்லூரி உலகத்தின் முன்னோடி, இரண்டு அணாவில் தொடங்கியவர்!

அவர் 1979இல் காலமானார். அவர் பெயர் தாங்கிய அறக்கட்டளை கர்நாடக அரசுக்கு எதிராகப் போட்ட வழக்கில் 2002 அக்டோபர் 31ஆம் தேதி இந்திய உச்ச நீதிமன்றத்தின் தீர்ப்பு வந்தது. 11 நீதிபதிகள், 11 கேள்விகள்! இந்தியாவின் மிகப் பெரிய அமர்வான கேசவானந்த பாரதி வழக்கின் 13 நீதிபதிகளுக்கு அடுத்த வரிசையில் நிற்கும் கூட்டம் இது. எதற்கு? தனியார் கல்லூரி சீட்டு யார் கையில் என்று தீர்மானிக்க!

தீர்ப்பு என்ன? கல்லூரி நடத்துவதும் ஒரு தொழில்தான், அது அடிப்படை உரிமை! நியாயமான உபரி சேர்த்துக்கொள்ளலாம். கொள்ளை லாபம் கூடாது. கட்டாய நன்கொடை கூடவே கூடாது. உபரிக்கும் லாபத்துக்கும் நடுவில் கோடு எங்கே என்று என்னைக் கேட்காதீர்கள்!

பதினொரு கேள்விகளில் சிலவற்றுக்கு அந்தப் பதினொரு பேரும் பதிலே சொல்லவில்லை! வழக்கமான அமர்வு பார்த்துக்கொள்ளட்டும் என்று விட்டுவிட்டார்கள்!

அப்புறம்தான் கூத்து. 11 பேர் சொன்னதற்கு என்ன அர்த்தம் என்று விளக்க 2003 ஆகஸ்டில் 5 நீதிபதிகள் உட்கார்ந்தார்கள். அந்த 5 பேர் சொன்னது சரியா என்று பார்க்க 2005 ஆகஸ்டில் 7 நீதிபதிகள் உட்கார்ந்தார்கள். மூன்றே ஆண்டு, மூன்று அமர்வு, மொத்தம் 23 நாற்காலி!

அந்த ஏழு பேர் தீர்ப்பின் பெயர் இனாம்தார் வழக்கு. அரசின் காசு வாங்காத தனியார் கல்லூரியில் அரசாங்கம் தன் கோட்டாவைத் திணிக்க முடியாது, இடஒதுக்கீட்டையும் திணிக்க முடியாது! தேதி 2005 ஆகஸ்ட் 12.

நாடாளுமன்றம் சும்மா இருக்குமா? அரசியலமைப்பையே திருத்திவிட்டார்கள்! 15ஆவது விதியில் 5ஆவது உட்பிரிவு. தனியார் கல்லூரியிலும் இடஒதுக்கீடு செய்யலாம். அமலுக்கு வந்த தேதி 2006 ஜனவரி 20. தீர்ப்புக்கும் திருத்தத்துக்கும் நடுவில் 161 நாள்தான்!

161 நாள் வேகம் என்கிறீர்களா? 1951ஐப் பாருங்கள். சென்னை மாகாணத்தின் வகுப்புவாரி அரசாணையை ஏப்ரல் 9ஆம் தேதி உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது. ஜூன் 18ஆம் தேதி இந்திய அரசியலமைப்பின் முதல் திருத்தமே வந்துவிட்டது. 70 நாள்!

அந்த அரசாணைக் கணக்கு எப்படித் தெரியுமா? 14 சீட்டுக்கு ஒரு கட்டு. பிராமணரல்லாத இந்துக்கள் 6, பிற்பட்ட இந்துக்கள் 2, பிராமணர் 2, அரிஜனங்கள் 2, ஆங்கிலோ இந்தியரும் இந்தியக் கிறிஸ்தவரும் சேர்த்து 1, முஸ்லிம் 1. பதினான்கு முடிந்ததா, மறுபடி முதலிலிருந்து!

வழக்குப் போட்டவர் செண்பகம் துரைராஜன். மருத்துவக் கல்லூரியில் இடம் கிடைக்காது என்று நீதிமன்றம் போனார். இந்திய அரசியலமைப்பையே திருத்த வைத்த இந்த வழக்கில் ஒரு சின்ன விஷயம். அவர் அந்தக் கல்லூரிக்கு விண்ணப்பமே போடவில்லை! தீர்ப்பிலேயே எழுதியிருக்கிறார்கள்!

விண்ணப்பம் போடாமல் ஜெயித்தவர் ஒருவர். ஜெயித்தும் சீட்டு கிடைக்காதவர் ஒருவர்! மோகினி ஜெயின், 1992. கர்நாடகத் தனியார் மருத்துவக் கல்லூரியில் ஒரே வகுப்புக்கு மூன்று விலை. அரசு சீட்டு என்றால் ஆண்டுக்கு ரூ. 2,000. கர்நாடக மாணவருக்கு ரூ. 25,000. வெளிமாநிலத்தவருக்கு ரூ. 60,000! இது செல்லாது, கல்வி என்பது உரிமை என்று நீதிமன்றம் முழங்கியது. மோகினிக்கு சீட்டு? இல்லை! வகுப்பு எப்போதோ தொடங்கிவிட்டது, அவர் தகுதிப் பட்டியலிலும் இல்லை என்று சொல்லிவிட்டார்கள்!

அடுத்த ஆண்டே உன்னிகிருஷ்ணன் வழக்கு. நீதிமன்றமே ஒரு திட்டம் போட்டது. பாதி இடம் அரசுக் கட்டணத்தில், பாதி இடம் கூடுதல் கட்டணத்தில். பணம் கொடுப்பவர் காசில் கொடுக்காதவரும் படிப்பார்! ஒன்பது ஆண்டு ஓடியது. மணிப்பால் வழக்கில் காலி!

போதும் என்கிறீர்களா? வேலூர் கதையைக் கேட்காமல் போகாதீர்கள்.

2017. சி.எம்.சி. எனப்படும் வேலூர் கிறிஸ்தவ மருத்துவக் கல்லூரி. எம்பிபிஎஸ் முதலாண்டில் 100 இடம். சேர்ந்தவர்கள் எத்தனை பேர் தெரியுமா? 1! ஒரே ஒருவர்!

இந்தியாவின் பொது மருத்துவ நுழைவுத் தேர்வான நீட் கலந்தாய்வு வழியாக மாணவர்களை எடுக்க மாட்டோம், எங்கள் தேர்வு முறை எங்களுக்கு வேண்டும் என்றது கல்லூரி. மத்திய அரசு அனுப்பிய ராணுவக் குடும்பத்துப் பிள்ளை ஒருவரை மட்டும் சேர்த்துக்கொண்டது. 99 நாற்காலி காலி! ஐடா ஸ்கடர் 1918இல் பெண்களுக்கு மட்டும் என்று தொடங்கிய பள்ளி அது. ஆண்களை உள்ளே விட்டதே 1947இல்தான். யாரைச் சேர்ப்பது என்பதில் அப்போதிருந்தே தனிக் கணக்கு!

அதற்கு முன்னால் இதே சி.எம்.சி. பெயரில் நடந்த வழக்கில்தான் 2013 ஜூலை 18ஆம் தேதி நீட் தேர்வே செல்லாது என்று தீர்ப்பானது. இரண்டுக்கு ஒன்று! தலைமை நீதிபதி அல்டமாஸ் கபீர் அன்றைக்கே ஓய்வு பெற்றார்!

அந்த "ஒன்று" யார்? நீதிபதி அனில் தவே. நீட் வேண்டும் என்று தனியாக நின்றவர். 2016 ஏப்ரல் 11ஆம் தேதி, பழைய தீர்ப்பைத் திரும்பப் பெற்ற ஐந்து பேர் அமர்வுக்குத் தலைமை தாங்கியவர் யார்? அதே அனில் தவே! இப்படிச் சினிமாவில் வந்தால் நம்ப மாட்டீர்கள்!

சி.எம்.சி. விடவில்லை. வழக்கு 2020 ஏப்ரல் 29 வரை போனது. சிறுபான்மைக் கல்லூரியானாலும் நீட் உண்டு என்று முடிந்தது!

தமிழ்நாட்டின் கணக்கு எப்போதும் தனி. எம்ஜிஆர் காலத்தில் 1984இல் வந்த தொழிற்கல்வி நுழைவுத் தேர்வை 2007இல் ஒரு சட்டம் போட்டு ஒழித்துவிட்டார்கள். இனிமேல் பிளஸ் டூ மார்க் மட்டும்! பத்தாண்டுதான் போனது, மருத்துவத்துக்கு மட்டும் பின்வாசல் வழியாக நீட் வந்து உட்கார்ந்துவிட்டது!

தனியார் பொறியியல் கல்லூரியிலும் தமிழக அரசுக்கு ஒரு பங்கு. சாதாரணக் கல்லூரியில் 65 விழுக்காடு இடம் அரசுக் கலந்தாய்வுக்கு. சிறுபான்மைக் கல்லூரியில் 50!

2020இல் இன்னொரு கண்டுபிடிப்பு. அரசுப் பள்ளியில் படித்த பிள்ளைகளுக்கு மருத்துவத்தில் 7.5 விழுக்காடு. நீதிபதி கலையரசன் குழு கேட்டது 10! சாதி கேட்கவில்லை, மதம் கேட்கவில்லை. எந்தப் பள்ளிப் பெஞ்சில் உட்கார்ந்தாய் என்று மட்டும் கேட்டது. 2022இல் சென்னை உயர் நீதிமன்றமும் தலையாட்டிவிட்டது!

இப்போது நம் வீட்டுக் கேள்வி. இந்தியாவில் என்ஆர்ஐ கோட்டா இருக்கிறதே, மலேசியத் தமிழருக்கு அது கிடைக்குமா? என்ஆர்ஐ என்றால் வெளிநாட்டில் வாழும் இந்தியக் குடிமகன்! கையில் மலேசியக் கடப்பிதழ் இருந்தால் நீங்கள் என்ஆர்ஐ அல்ல, வெளிநாட்டவர்! தாத்தா தஞ்சாவூர்க்காரர் என்பது மட்டும் போதாது, அந்த இடத்துக்குப் போட்டியிட இந்தியாவின் ஓசிஐ அட்டையும் வேண்டும்!

அந்தக் கோட்டாவுக்கு உச்சவரம்பு 15 விழுக்காடு. அதையும் இனாம்தார் வழக்குதான் சொன்னது!

2024இல் பஞ்சாப் அரசு ஒரு வேலை செய்தது. மாமா, அத்தை, சித்தப்பா, தாத்தா, பாட்டி, யார் வெளிநாட்டில் இருந்தாலும் பிள்ளை என்ஆர்ஐ கணக்கில் சேரலாம்! செப்டம்பர் 10ஆம் தேதி உயர் நீதிமன்றம் ரத்து செய்தது. 24ஆம் தேதி உச்ச நீதிமன்றம் இதை மோசடி என்றே சொல்லிவிட்டது. சொந்தக்காரரை வைத்து சீட்டு வாங்கும் வித்தைக்கு ஆயுள் ஒரே மாதம்!

வெளிநாட்டவரும் இந்தியாவில் எம்பிபிஎஸ் சேர நீட் எழுதத்தான் வேண்டும். 2022இல் வெளிநாட்டுத் தேர்வு மையங்கள் 14 நகரங்களில். அதில் ஒன்று கோலாலம்பூர்! தஞ்சோங் காராங்கில் காலை பஸ் ஏறினால் போதும்!

இலங்கைப் பக்கம் ஒரு எட்டு. 1970களின் தொடக்கத்தில் மருத்துவப் படிப்புக்குத் தமிழ் மாணவர் எடுக்க வேண்டிய மதிப்பெண் 400க்கு 250. சிங்கள மாணவர் எடுக்க வேண்டியது 229! இடையில் 21 மதிப்பெண். அந்த 21 இழுத்துவந்த வரலாறு உங்களுக்கே தெரியும்!

அங்கே தனியார் மருத்துவக் கல்லூரி என்றாலே வீதிப் போராட்டம்! ராகமையில் தொடங்கியதை 1989இல் அரசு எடுத்துக்கொண்டது. மாலபேயில் தொடங்கியதன் பட்டதாரிகளைப் பதிவு செய்யும்படி 2017 ஜனவரி 31ஆம் தேதி நீதிமன்றமே சொன்னது. அந்த ஆண்டு முடிவதற்குள் கல்லூரியையே மூடுவதாக அரசாங்கம் அறிவித்துவிட்டது! வழக்கில் ஜெயித்த கல்லூரி, வாழ்க்கையில் தோற்றது!

அமெரிக்கா மட்டும் என்ன யோக்கியமா? கென்டக்கியில் பெரியா என்று ஒரு தனியார் கல்லூரி. கறுப்பு மாணவரும் வெள்ளை மாணவரும் ஒன்றாக உட்கார்ந்து படித்தார்கள். 1904இல் மாநிலம் சட்டம் போட்டது, ஒன்றாகப் படிக்கக் கூடாது! கல்லூரிக்கு அபராதம் 1,000 டாலர். 1908இல் உச்ச நீதிமன்றம் யார் பக்கம்? மாநிலத்தின் பக்கம்!

கலிபோர்னியாவில் டேவிஸ் மருத்துவப் பள்ளி. 100 இடத்தில் 16 சிறுபான்மையினருக்கு. ஆலன் பாக்கி என்ற வெள்ளைக்காரருக்கு இரண்டு முறை இடம் கிடைக்கவில்லை. 1978 ஜூன் 28ஆம் தேதி ஜெயித்தார். இவருக்கு சீட்டும் கிடைத்தது, டாக்டரும் ஆனார்! மோகினி ஜெயின் படித்தால் பொறாமைப்படுவார்!

பாக்கி வழக்கிலும் இனத்தை ஓர் அம்சமாகப் பார்க்கலாம் என்று ஒரு சன்னலைத் திறந்து வைத்திருந்தார்கள். 2023 ஜூன் 29ஆம் தேதி ஹார்வர்டு வழக்கில் அதையும் சாத்திவிட்டார்கள். ஹார்வர்டு தனியார்தான், ஆனால் கூட்டரசுப் பணம் வாங்குகிறதே! சன்னல் திறந்திருந்தது 45 ஆண்டும் ஒரு நாளும்!

கடைசியாகக் கேரளம். ஆளும் கட்சியும் எதிர்க்கட்சியும் கட்டிப்பிடித்துக்கொண்ட அபூர்வக் காட்சி! கண்ணூரிலும் பாலக்காட்டிலும் இரண்டு தனியார் மருத்துவக் கல்லூரிகள். 2016இல் விதியை மீறிச் சேர்த்த மாணவர்களை வெளியேற்றச் சொன்னது நீதிமன்றம். அரசு அவசரச் சட்டம் போட்டுக் காப்பாற்றப் பார்த்தது. 2018 ஏப்ரலில் சட்டமன்றத்தில் மசோதா வந்தபோது ஒரே ஓர் உறுப்பினர்தான் எதிர்ப்புத் தெரிவித்தார்!

மசோதா ஆளுநர் மேசைக்குப் போனது. ஆளுநர் யார்? ஈரோடு மாவட்டத்துத் தமிழர் பி. சதாசிவம். அதற்கு முன்னால் அவர் என்னவாக இருந்தார்? இந்தியாவின் தலைமை நீதிபதி! நீதிமன்றத் தீர்ப்பைச் சட்டமன்றம் இப்படித் தாண்டிக் குதிக்க முடியுமா, முடியாதா என்று அவருக்கா தெரியாது? கையெழுத்துப் போட மறுத்துவிட்டார்!

செப்டம்பரில் உச்ச நீதிமன்றம் அவசரச் சட்டத்தையும் தூக்கி எறிந்தது. இரண்டு ஆண்டு வழக்கு, ஓர் அவசரச் சட்டம், ஒரு மசோதா, கேரளத்தின் எல்லாப் பெரிய கட்சிகளும் ஒரே அணி. இத்தனைக்கும் நடுவில் நின்ற மாணவர்கள் எத்தனை பேர் தெரியுமா? கண்ணூரில் 150, பாலக்காட்டில் 30. மொத்தம் 180!